பாலைவனப் பள்ளத்தாக்குகளில் ஒரு வாரம்: லாஸ் வேகாஸிலிருந்து ஸயான், பிரைஸ், பேஜ், கிராண்ட் கேன்யன் காரில் சுற்றிவர

அமெரிக்காவின் தென்மேற்கில் கார் ஓட்டுவது கஷ்டமே இல்லை. சாலை நேராக இருக்கும், நெரிசல் குறைவு, வழிப்பலகைகள் தெளிவு. முதல்முறை போகிறவர்களைக் கவிழ்ப்பது தேதியும் கடிகாரமும்தான். மலைப்பாதை அனுமதிக்கான குலுக்கலுக்கு விண்ணப்பிக்கும் நாள் போன பிறகு விமான டிக்கெட் எடுப்பார்கள். மாநில எல்லையில் ஒரு மணி நேரம் மாறியது தெரியாமல், பணம் கட்டிய டூரைக் கோட்டை விடுவார்கள். காலை ஏழு மணிக்கு நிற்க வேண்டிய பார்க்கிங்கில் பத்து மணிக்குப் போய் நிற்பார்கள். ஆகவே இந்த வழிகாட்டியில் எங்கே என்ன அழகு என்பதைவிட, எதை எப்போது செய்ய வேண்டும் என்பதே அதிகம் இருக்கும்.

1. சுற்றை முடிவு செய்யுங்கள், ஆசையைக் குறையுங்கள்

ஒரு வாரத்தில் ஸயான், பிரைஸ், கேபிட்டல் ரீஃப், ஆர்ச்சஸ், கேன்யன்லேண்ட்ஸ், மான்யுமென்ட் வேலி, கிராண்ட் கேன்யன் என்ற பூங்காக்கள் எல்லாவற்றையும் முடிக்கலாம் என்று சொல்லும் திட்டங்கள் நிறையக் கிடைக்கும். வரைபடத்தில் முடியும். ஆனால் தினமும் மூன்று நான்கு மணி நேரம் ஸ்டியரிங் பிடித்துவிட்டு, மீதி நேரத்தில் காட்சிமுனையில் இறங்கிப் படம் எடுத்து ஏறுவதுதான் நடக்கும். மோவாப் பக்கம், அதாவது ஆர்ச்சஸும் கேன்யன்லேண்ட்ஸும், தனியாக இன்னொரு முறைக்கு. முதல் பயணத்துக்குச் சின்னச் சுற்றே சரி:

முதல் நாள்: லாஸ் வேகாஸிலிருந்து ஸயான் வாசலில் உள்ள ஸ்பிரிங்டேல் ஊர். சுமார் 160 மைல், மூன்று மணி நேரத்துக்குச் சற்றுக் குறைவு.
இரண்டாம் நாள்: முழுக்க ஸயான். இரவு ஸ்பிரிங்டேலில்.
மூன்றாம் நாள்: பிரைஸ் கேன்யன். சுமார் 85 மைல், இரண்டு மணி நேரம்.
நான்காம் நாள்: காலையில் பிரைஸில் நடை, பிறகு அரிசோனாவில் உள்ள பேஜ் ஊர். சுமார் 150 மைல், இரண்டே முக்கால் மணி நேரம்.
ஐந்தாம் நாள்: ஆன்டலோப் கேன்யன் என்ற குறுகிய பாறைப் பிளவு, ஹார்ஸ்ஷூ பெண்ட் என்ற ஆற்று வளைவு. அல்லது மான்யுமென்ட் வேலி போய்த் திரும்புதல். இரவு மறுபடி பேஜில்.
ஆறாம் நாள்: கிராண்ட் கேன்யன் தெற்கு விளிம்பு. சுமார் 140 மைல், இரண்டரை மணி நேரம்.
ஏழாம் நாள்: லாஸ் வேகாஸ் திரும்புதல். சுமார் 280 மைல், நான்கரை மணி நேரம்.

மொத்தம் 800 மைலுக்குச் சற்று மேல். பூங்காவுக்குள் ஓடுவதையும் மான்யுமென்ட் வேலியையும் சேர்த்தால் 1,100 மைல் ஆகும். திரும்பும் விமானத்தை ஏழாம் நாள் இரவு பத்து மணிக்கு முன்னால் போடாதீர்கள்.

ஒரு எச்சரிக்கை. லாஸ் வேகாஸில் விற்கும் ‘கிராண்ட் கேன்யன் வெஸ்ட்’, கண்ணாடித் தளம் உள்ள இடம், தேசியப் பூங்கா அல்ல. அது வலப்பாய் பழங்குடியினருக்குச் சொந்தமானது. கட்டணம் தனி, பூங்கா பாஸ் அங்கே செல்லாது. வடக்கு விளிம்பு என்பதும் வேறு. தெற்கு விளிம்பிலிருந்து அங்கே போகச் சுமார் 210 மைல் சுற்ற வேண்டும். குளிர்காலத்தில் மூடிவிடுவார்கள். 2025 ஜூலை காட்டுத்தீயில் அங்கிருந்த பழைய லாட்ஜும் எரிந்துபோனது. முதல் பயணத்துக்குத் தெற்கு விளிம்புதான். விடுதி தேடும்போது வரைபடத்தில் ‘டுசாயன்’ அல்லது ‘கிராண்ட் கேன்யன் வில்லேஜ்’ என்று இருக்கிறதா பாருங்கள்.

2. மாதம்

ஏப்ரல் கடைசி முதல் மே வரை, செப்டம்பர் நடு முதல் அக்டோபர் வரை. இரண்டில் ஒன்றைத் தேர்ந்தெடுக்கச் சொன்னால் இலையுதிர்காலம் என்பேன். வசந்தத்தில் பனி உருகி வெர்ஜின் ஆறு நிறைந்து ஓடும், ஆற்றுக்குள்ளேயே நடக்கும் ஸயானின் நேரோஸ் பாதையை மூடிவிடுவார்கள். நொடிக்கு 150 கன அடிக்கு மேல் நீர் வந்தால் அனுமதி இல்லை.

ஜூன், ஜூலை, ஆகஸ்ட்டில் ஸயான் பள்ளத்தாக்கு 38 டிகிரி செல்சியஸைத் தாண்டுவது சாதாரணம். ஜூலை முதல் செப்டம்பர் நடு வரை பிற்பகல் இடிமழைக் காலமும்கூட. குறுகிய பாறைப் பிளவுகளில் திடீர் வெள்ளம் வரும் காலம் அது. குளிர்காலத்தில் கூட்டம் இருக்காது, விலையும் இறங்கும், ஆனால் பிரைஸ் 8,000 அடிக்கு மேலே இருக்கிறது. பனியில் வண்டி ஓட்டிப் பழக்கமில்லை என்றால் வேண்டாம்.

3. முன்பதிவு: இந்த வரிசையை மாற்றாதீர்கள்

பலரும் விமானம், கார், விடுதி, பிறகு மீதி என்று போகிறார்கள். இங்கே தலைகீழாகப் போக வேண்டும். எது குறைவாகக் கிடைக்குமோ அது முதலில்.

பூங்காவுக்குள்ளே இருக்கும் விடுதிகளின் முன்பதிவு சுமார் 13 மாதங்களுக்கு முன்பே திறந்துவிடும். கிராண்ட் கேன்யன் கிராமத்து அறைகளும் ஸயான் லாட்ஜும் இப்படித்தான். கிடைக்கவில்லை என்றால் விட்டுவிடாதீர்கள். ரத்து செய்யப்பட்ட அறைகள் திரும்பி வந்துகொண்டே இருக்கும், தினம் ஒருமுறை பார்த்தால் சிக்கும். கூடாரம் போடுகிறவர்களுக்கு ஸயானின் வாட்ச்மேன், கிராண்ட் கேன்யனின் மேதர் முகாம்களுக்கு ரெக்ரியேஷன்.கவ் (recreation.gov) என்ற அரசு முன்பதிவுத் தளத்தில் ஆறு மாதத்துக்கு முன் திறக்கும்.

உள்ளே கிடைக்காதவர்களுக்கு வெளியே ஊர்கள் உண்டு. ஸயானுக்கு ஸ்பிரிங்டேல்தான் வாசலிலேயே இருக்கிறது, விலையும் அதற்கேற்ப. காசு மிச்சம் பிடிக்க ஹரிக்கேன் அல்லது செயின்ட் ஜார்ஜ். ஆனால் அங்கே தங்கினால் பார்க்கிங்குக்காக விடியற்காலையில் கிளம்ப வேண்டும். ஸ்பிரிங்டேலில் தங்கினால் காரை விடுதியிலேயே விட்டுவிட்டு ஊர்ப் பேருந்தில் பூங்கா வாசலுக்குப் போய்விடலாம். இந்த ஒரு வசதிக்காகவே அந்த இரண்டு இரவுக்கும் கூடுதலாகக் கொடுக்கலாம். பிரைஸுக்கு டிராபிக் என்ற சின்ன ஊர் பக்கம். கிராண்ட் கேன்யனுக்கு டுசாயன், இல்லையென்றால் 60 மைல் தள்ளி வில்லியம்ஸ்.

அடுத்து ஏஞ்சல்ஸ் லேண்டிங். சங்கிலியைப் பிடித்துக்கொண்டு பாறை முதுகில் ஏறும் பாதை. 2022 ஏப்ரல் 1 முதல் பெர்மிட் இல்லாமல் போக முடியாது. குலுக்கல் இரண்டு வகை. பருவக் குலுக்கலுக்கான தேதிகள் இவை:

மார்ச் முதல் மே வரை போகிறவர்கள் ஜனவரி 1 முதல் 20-க்குள் விண்ணப்பிக்க வேண்டும்.
ஜூன் முதல் ஆகஸ்ட் வரை என்றால் ஏப்ரல் 1 முதல் 20.
செப்டம்பர் முதல் நவம்பர் வரை என்றால் ஜூலை 1 முதல் 20.
டிசம்பர் முதல் பிப்ரவரி வரை என்றால் அக்டோபர் 1 முதல் 20.

விண்ணப்பத்துக்கு 6 டாலர். ஒரே விண்ணப்பத்தில் ஆறு பேர் வரை சேர்க்கலாம், விழாவிட்டால் அந்தப் பணம் திரும்பாது. விழுந்தால் ஆளுக்கு 3 டாலர். இதைத் தவறவிட்டவர்களுக்கு முந்தைய நாள் குலுக்கல் உண்டு. போக நினைக்கும் நாளுக்கு முந்தைய நாள் பிற்பகல் மூன்று மணிக்குள் விண்ணப்பித்தால் நான்கு மணிக்கு முடிவு வரும். எதுவும் விழவில்லையா? ஸ்கவுட் லுக்அவுட் வரை பெர்மிட் இல்லாமலே ஏறலாம். சங்கிலி தொடங்குவது அங்கிருந்துதான். உயரத்துக்குப் பயப்படுகிறவர்கள் அதோடு திரும்பிவிடுவதே நல்லது.

மூன்றாவது ஆன்டலோப் கேன்யன். நவாஹோ பழங்குடியினரின் நிலத்தில் இருப்பதால் வழிகாட்டி இல்லாமல் யாரும் உள்ளே போக முடியாது. சீசனில் இரண்டு மூன்று மாதங்களுக்கு முன்பே பதிந்துவிடுங்கள், முக்கியமாக நடுப்பகல் நேரம். டூர் வகையையும் நேரத்தையும் பொறுத்து ஆளுக்கு 60 டாலரிலிருந்து 100-க்கு மேல் வரை ஆகும். பதியும்போது நவாஹோ பெர்மிட் கட்டணம் சேர்ந்த விலையா, தனியா என்று பாருங்கள். விளம்பரத்தில் ஒரு விலை, கட்டும்போது வேறு விலை என்று குழம்புவது இங்கேதான்.

இந்த மூன்றும் முடிந்த பிறகு விமானமும் காரும்.

4. நுழைவுப் பாஸ்: யாருக்கு எவ்வளவு

ஸயான், பிரைஸ், கிராண்ட் கேன்யன் மூன்றுக்கும் ஒரு காருக்குத் தலா 35 டாலர். மூன்றும் சேர்ந்தால் 105. ஆண்டுப் பாஸ் 80 டாலர். அமெரிக்காவில் வசிப்பவர்களுக்குக் கணக்கு அவ்வளவுதான், பாஸை வாங்குங்கள்.

வெளிநாட்டிலிருந்து வருகிறவர்களுக்கு 2026 ஜனவரி 1 முதல் கணக்கு மாறிவிட்டது. கூட்டம் மிகுந்த 11 பூங்காக்களில், வழக்கமான கட்டணத்துக்கு மேல், 16 வயதும் அதற்கு மேலும் உள்ளவர்கள் ஆளுக்கு 100 டாலர் கூடுதலாகக் கட்ட வேண்டும். நம் சுற்றிலுள்ள மூன்றும் அந்தப் பட்டியலில் இருக்கின்றன. இரண்டு பேர் மூன்று பூங்காவுக்குள் போனால் கூடுதல் மட்டுமே 600 டாலர். வெளிநாட்டவர்களுக்கான ஆண்டுப் பாஸ் 250 டாலர். அதை வாங்கினால் இந்தக் கூடுதல் கிடையாது. ஒருவர் தனியாகப் போனாலும் 250 பாஸ்தான் லாபம். பழைய கட்டுரைகளில் ‘80 டாலர் பாஸ் யாரும் வாங்கலாம்’ என்று இருக்கும், நம்பாதீர்கள். 80 டாலர் பாஸுக்கு அமெரிக்க அரசு வழங்கிய புகைப்பட அடையாள அட்டை காட்ட வேண்டும்.

பாஸை ரெக்ரியேஷன்.கவ் தளத்தில் டிஜிட்டலாக வாங்கலாம். வாங்கினதும் கைப்பேசியில் சேமித்துவிடுங்கள், வாசலில் சிக்னல் கிடைக்காது. பாஸில் பெயர் உள்ளவர் காரில் இருக்க வேண்டும், அவருடைய அடையாள அட்டையும் கையில் இருக்க வேண்டும். பல வாசல்களில் ரொக்கம் வாங்குவதில்லை, கார்டு மட்டும்.

பாஸ் செல்லாத இடங்கள்: ஆன்டலோப் கேன்யன், மான்யுமென்ட் வேலி, ஹார்ஸ்ஷூ பெண்ட் பார்க்கிங், மாநிலப் பூங்காக்கள்.

5. கார், காகிதங்கள், காப்பீடு

கார் வாடகைக்குத் தேவையானவை: பாஸ்போர்ட், உங்கள் நாட்டு அசல் ஓட்டுநர் உரிமம், பன்னாட்டு ஓட்டுநர் அனுமதி, முன்பதிவு செய்தவர் பெயரிலேயே உள்ள கிரெடிட் கார்டு. பன்னாட்டு அனுமதியை உங்கள் நாட்டிலேயே வாங்கி வர வேண்டும், இங்கே வந்த பிறகு கிடைக்காது. உரிமம் ஆங்கில எழுத்தில் இருந்தால் பல நிறுவனங்கள் அதைக் கேட்பதில்லை. ஆனால் கேட்கும் ஊழியரிடம் மாட்டினால் பயணமே நின்றுவிடும், எடுத்து வந்துவிடுங்கள். டெபிட் கார்டை நம்பாதீர்கள். முன்வைப்பாகச் சில நூறு டாலரை முடக்கி வைப்பார்கள். ஓட்டுபவருக்கு 25 வயது ஆகவில்லை என்றால் தினசரிக் கூடுதல் உண்டு.

கவுண்டரில் குழப்பமான பேச்சு காப்பீடுதான். இரண்டு விஷயத்தைப் பிரித்துப் பாருங்கள். ஒன்று, வாடகைக் காருக்கு ஏற்படும் சேதம். இதைச் சில கிரெடிட் கார்டுகள் ஏற்கும். இன்னொன்று, நீங்கள் மற்றவருக்கு ஏற்படுத்தும் சேதம், அதாவது மூன்றாம் நபர் பொறுப்பு. இதைக் கிரெடிட் கார்டுகள் பொதுவாக ஏற்பதில்லை. அமெரிக்காவில் சொந்த வாகனக் காப்பீடு இல்லாதவர் இந்த இரண்டாவதை விடக் கூடாது. உங்கள் நாட்டிலிருந்தே இரண்டையும் சேர்த்து முன்பதிவு செய்யும் திட்டங்கள் கவுண்டர் விலையைவிடப் பெரும்பாலும் மலிவு.

எந்த கார்? சாதாரண செடான் போதும். மேலே சொன்ன சுற்று முழுக்கத் தார்ச்சாலை. நாலு சக்கர இயக்கத்துக்குக் கூடுதல் பணம் தேவையில்லை, மண்சாலையில் ஓட்டினால் வாடகை ஒப்பந்தமே செல்லாமல் போகும். மோட்டார் ஹோம், அதாவது வீட்டு வண்டி, ஆசையும் இந்தச் சுற்றில் வேண்டாம். ஸயானின் கிழக்குச் சுரங்கப்பாதையில் 11 அடி 4 அங்குல உயரமோ 7 அடி 10 அங்குல அகலமோ தாண்டும் வண்டிகளுக்குக் கட்டுப்பாடு இருக்கிறது. நீண்ட மாற்றுவழி சுற்ற நேரிடும்.

காரை எடுக்கும்போது: லாஸ் வேகாஸ் விமான நிலையத்தின் வாடகைக் கார் மையம் டெர்மினலில் இல்லை, இலவசப் பேருந்தில் போக வேண்டும், வரிசையும் நிற்கும். விமானம் இறங்கியதிலிருந்து ஒன்றரை மணி நேரம் ஒதுக்குங்கள். கிளம்புமுன் நான்கு பக்கமும் வீடியோ எடுங்கள். ஏசியைப் பத்து நிமிடம் ஓடவிட்டுப் பாருங்கள். டயர் தேய்ந்திருந்தால் கூச்சப்படாமல் வேறு கார் கேளுங்கள். மாற்று டயர் இருக்கிறதா, காற்றடைக்கும் கிட் மட்டும்தானா என்று திறந்து பாருங்கள். எட்டு வயதுக்குக் கீழே குழந்தை இருந்தால் இருக்கை கட்டாயம் என்றே வைத்துக்கொள்ளுங்கள். வாடகைக்கு எடுப்பதைவிடக் கடையில் வாங்குவது சிலசமயம் மலிவாக முடியும்.

6. பெட்ரோல், தண்ணீர், சிக்னல்

டேங்க் பாதியானால் நிரப்புங்கள். பேஜுக்குப் போகும் வழியில் உள்ள கனாப் ஊர், பேஜ் இரண்டுக்கும் இடையே சுமார் 75 மைலில் நம்பத்தக்க வசதி கிடையாது. கிராண்ட் கேன்யன் கிராமத்துக்குள் பெட்ரோல் இல்லை. டுசாயனிலோ கிழக்கு வாசலில் உள்ள டெசர்ட் வியூவிலோதான், இரண்டும் விலை அதிகம். பேஜில் நிரப்பிக்கொண்டு கிளம்புவது உத்தமம்.

பம்பில் கார்டு போட்டதும் ஜிப் கோடு, அதாவது அமெரிக்க அஞ்சல் குறியீடு, கேட்கும். வெளிநாட்டுக் கார்டுக்கு அது பெரும்பாலும் வேலை செய்யாது. உள்ளே போய் பம்ப் எண்ணைச் சொல்லி, 40 டாலர் என்று முன்பணம் கட்டிவிட்டு வாருங்கள். மிச்சத்தைத் திருப்பிக் கொடுப்பார்கள். யூட்டாவில் மலிவான பெட்ரோல் 85 ஆக்டேன். பெரும்பாலான வாடகைக் கார்களுக்கு 87 தேவை. டேங்க் மூடியில் என்ன எழுதியிருக்கிறது என்று பார்த்துவிட்டு பட்டனை அழுத்துங்கள். 1,100 மைலுக்கு, கேலனுக்கு 28 மைல் கொடுக்கும் கார் என்றால், சுமார் 40 கேலன் பிடிக்கும்.

தண்ணீர் ஆளுக்கு நாளொன்றுக்கு ஒரு கேலன், அதாவது கிட்டத்தட்ட நான்கு லிட்டர். செயின்ட் ஜார்ஜில் பெரிய கடையில் தண்ணீர், பழம், உப்புக் கடலை, பிரெட் எல்லாம் வாங்கிவிடுங்கள். ஸ்பிரிங்டேலில் அதே சாமான் விலை ஏறும். உப்புச் சாப்பாடு அலங்காரத்துக்கு அல்ல. வெறும் தண்ணீரையே குடித்துக்கொண்டு வெயிலில் நடந்தால் உடம்பில் உப்பு இறங்கித் தலைசுற்றும், வாந்தி வரும்.

பூங்காக்களுக்குள்ளும் நவாஹோ நிலத்திலும் சிக்னல் விட்டுவிட்டுத்தான் வரும். வரைபடத்தை ஆஃப்லைனில் இறக்குங்கள். தேசியப் பூங்காக்களின் அதிகாரபூர்வ செயலியிலும் ஒவ்வொரு பூங்காவையும் ஆஃப்லைனுக்குச் சேமிக்கும் வசதி இருக்கிறது. பெர்மிட், டூர் சீட்டு, விடுதிப் பதிவு மூன்றையும் காகிதத்தில் அச்சடித்தும் வையுங்கள்.

இருட்டில் ஓட்டாதீர்கள். மான், எல்க், நவாஹோ நிலத்தில் வேலியில்லாமல் திரியும் மாடும் குதிரையும் சாலையில் நிற்கும். மணிக்கு 65 மைல் வேகத்தில் விளக்கொளியில் தெரிந்த பிறகு பிரேக் போட்டு நிறுத்த முடியாது.

7. கடிகாரம்: அதிகம் பேரைக் கவிழ்க்கும் இடம்

மார்ச் நடு முதல் நவம்பர் தொடக்கம் வரை இப்படி: ஸயானும் பிரைஸும் இருக்கும் யூட்டா மாநிலம், வேகாஸ் இருக்கும் நெவாடாவைவிட ஒரு மணி நேரம் முன்னால். பேஜும் கிராண்ட் கேன்யனும் இருக்கும் அரிசோனா கோடை நேரம் மாற்றுவதில்லை, ஆகவே நெவாடாவோடு ஒத்துப்போகும். அரிசோனாவுக்குள்ளேயே இருக்கும் நவாஹோ நிலம் கோடை நேரத்தை மாற்றிக்கொள்ளும், ஆகவே யூட்டாவோடு ஒத்துப்போகும்.

நடைமுறையில் இதன் விளைவு: வேகாஸில் காலை எட்டுக்குக் கிளம்பி ஸ்பிரிங்டேல் சேரும்போது ஒரு மணி நேரம் போய்விடும். பிரைஸிலிருந்து பேஜ் வரும்போது ஒரு மணி நேரம் கிடைக்கும். ஆன்டலோப் டூர்கள் நவாஹோ நிலத்தில் நடந்தாலும் பேஜ் ஊரின் நேரப்படிதான். மான்யுமென்ட் வேலி நவாஹோ நேரப்படி. பேஜில் கைப்பேசி எந்தக் கோபுரத்தைப் பிடிக்கிறதோ அந்த நேரத்தைக் காட்டும், ஒரே அறையில் இரண்டு பேர் கைப்பேசியில் இரண்டு நேரம் இருக்கலாம். பேஜுக்குள் நுழைந்ததும் தானியங்கி நேரத்தை அணைத்துவிட்டு ‘ஃபீனிக்ஸ்’ என்று கையால் வையுங்கள். டூர் பதிவுச் சீட்டில் எந்த நேரம் என்று எழுதியிருப்பதையும் ஒருமுறை படியுங்கள்.

8. ஸயானில்

மார்ச் முதல் நவம்பர் வரை பள்ளத்தாக்குச் சாலைக்குள் சொந்தக் கார் விடமாட்டார்கள். இலவசப் பேருந்துதான், சீட்டு வேண்டாம். பார்வையாளர் மையப் பார்க்கிங் சீசனில் எட்டு, ஒன்பது மணிக்கே நிறைந்துவிடும். கடைசிப் பேருந்து நேரத்தைப் பலகையில் பார்த்துப் படம் எடுத்துக்கொள்ளுங்கள். தவறவிட்டால் ஒன்பது மைல் வரை நடக்க நேரிடும்.

ஏஞ்சல்ஸ் லேண்டிங்குக்கு க்ரோட்டோ நிறுத்தம். போய்வர 5.4 மைல், ஏறக்குறைய 1,500 அடி ஏற்றம். ஈரப் பாறையில், காற்றில், ஏறாதீர்கள்.

நேரோஸுக்குக் கடைசி நிறுத்தமான டெம்பிள் ஆஃப் சினவாவா. கீழிருந்து ஏறி அதே வழியில் திரும்புவதற்குப் பெர்மிட் தேவையில்லை. ஆற்றுக்குள்ளேயே வழுக்கும் கற்கள் மீது நடக்க வேண்டும், சாதாரண ஷூ போட்டால் கணுக்கால் பிசகும். ஸ்பிரிங்டேல் கடைகளில் நியோப்ரீன் சாக்ஸ், ஆற்று ஷூ, கனமான கோல் மூன்றும் சேர்ந்து ஆளுக்குச் சுமார் 30 டாலரிலிருந்து வாடகைக்குக் கிடைக்கும். முந்தைய நாள் மாலையே அளவு பார்த்து எடுத்துவிடுங்கள். கோல்தான் மூன்றாவது கால், அதை மட்டும் மிச்சம் பிடிக்காதீர்கள். ஆற்று நீரைக் குடிக்கவோ தலையை முக்கவோ கூடாது, நச்சுப் பாசி இருக்கிறது.

கிளம்புமுன் அன்றைய திடீர் வெள்ள மதிப்பீட்டைப் பார்வையாளர் மையத்தில் கேளுங்கள். தலைக்கு மேலே வானம் நீலமாக இருப்பது எதற்கும் உத்தரவாதம் இல்லை. பல மைல் தள்ளிப் பெய்த மழைதான் சுவர்களுக்கு நடுவே பாய்ந்து வரும். நீர் திடீரெனக் கலங்கினால், குச்சியும் இலையும் மிதந்து வந்தால், மட்டம் ஏறினால், வாசலை நோக்கி ஓடாமல் உடனே உயரமான மேட்டில் ஏறி நில்லுங்கள்.

9. பிரைஸில்

ஸயானிலிருந்து கிழக்கு வாசல் வழியாகச் சுரங்கப்பாதையைக் கடந்து போங்கள். சுரங்கம் முடிந்ததும் கேன்யன் ஓவர்லுக், போய்வர ஒரு மைல். வண்டி நிறுத்த இடம் மிகக் குறைவு, காலையிலேயே கிளம்பினால்தான் கிடைக்கும்.

பிரைஸில் ஒரே ஒரு நடை நடந்தால் போதும், அதை விடாதீர்கள்: க்வீன்ஸ் கார்டன், நவாஹோ லூப் இரண்டையும் சேர்த்து சுமார் மூன்று மைல். சன்ரைஸ் பாயின்ட்டில் இறங்கி, நவாஹோ வழியாக சன்செட் பாயின்ட்டில் ஏறுங்கள். 8,000 அடியில் இருக்கிறீர்கள். ஊரில் மூன்று மாடி சாதாரணமாக ஏறுகிறவருக்கும் இங்கே மூச்சு வாங்கும். அடிப்புறம் பிடிப்புள்ள ஷூ வேண்டும், உதிர்ந்த சரளையில் வழுக்கி விழுவதுதான் இங்கே வழக்கமான காயம்.

18 மைல் சாலையில் முதலில் நிற்காமல் கடைசியான ரெயின்போ பாயின்ட் வரை போய்விட்டு, திரும்பும்போது ஒவ்வொன்றாக நில்லுங்கள். காட்சிமுனைகள் எல்லாம் கிழக்கே இருப்பதால் திரும்பும்போது வலப்பக்கம் வரும், எதிர்வண்டியைக் குறுக்கே கடக்க வேண்டியதில்லை. மே மாதத்திலும் இரவில் உறைநிலைக்குக் கீழே போகலாம். சூரிய உதயம் பார்க்க நினைப்பவர் குல்லாவும் கையுறையும் கொண்டுவர வேண்டும்.

10. பேஜ், ஆன்டலோப், மான்யுமென்ட் வேலி

ஆன்டலோப்பில் மேல், கீழ் என இரண்டு பகுதி. மேல் பகுதிக்கு விலை அதிகம், தரையோடு நடந்து நுழையலாம். கோடையில் நடுப்பகல் வெளிச்சக் கற்றை விழுவது அங்கேதான். கீழ்ப் பகுதியில் செங்குத்தான இரும்புப் படிகள் நிறைய. முழங்கால் வலி உள்ளவர்களையும் கைக்குழந்தை உள்ளவர்களையும் அங்கே கூட்டிப்போகாதீர்கள். கைப்பை, முதுகுப்பை, முக்காலி, செல்ஃபி குச்சி எதற்கும் அனுமதி இல்லை. மழை என்றால் டூர் ரத்தாகும். இதையும் அலட்சியமாக எடுக்க வேண்டாம், 1997 ஆகஸ்டில் கீழ்ப் பகுதியில் வெள்ளத்தில் 11 பேர் இறந்தார்கள். பணம் திரும்பும் விதியைப் பதியும்போதே படியுங்கள்.

ஹார்ஸ்ஷூ பெண்ட் பார்க்கிங் காருக்கு 10 டாலர், போய்வர ஒன்றரை மைல், நிழல் குறைவு. கைப்பிடி வேலி ஒரு சிறு பகுதியில்தான், மற்ற விளிம்பு முழுக்கத் திறந்தவெளி. குழந்தையின் கையை விடாதீர்கள். மாலையில் போனால் சூரியன் நேர் எதிரே இருக்கும், படம் வெளுக்கும். காலை ஒன்பது பத்து மணிக்கு மேல் ஆற்றில் நிழல் விலகும்.

மான்யுமென்ட் வேலி பேஜிலிருந்து ஒரு வழி 125 மைல். நுழைவு ஆளுக்கு 8 டாலர். உள்ளே இருக்கும் 17 மைல் சுற்று மண்சாலை, குழியும் மணலும். வாடகை செடானில் இறங்காமல் நவாஹோ ஓட்டுநர்களின் ஜீப் டூரில் போங்கள். மதுபானம் நவாஹோ நிலத்தில் தடை, காரில் பாட்டிலோடும் போகாதீர்கள். ட்ரோன் இங்கேயும் கூடாது, தேசியப் பூங்காக்களிலும் கூடாது. மக்களையும் வீடுகளையும் கேட்காமல் படம் எடுக்காதீர்கள்.

ஆன்டலோப்பையும் மான்யுமென்ட் வேலியையும் ஒரே நாளில் வைக்கலாமா? காலை எட்டு மணி ஆன்டலோப் டூர் கிடைத்தால் மட்டும். போகும்போது ஒரு மணி நேரம் இழப்பீர்கள் என்பதையும் கணக்கில் வையுங்கள்.

11. கிராண்ட் கேன்யனில்

பேஜிலிருந்து கேமரன் வழியாக கிழக்கு வாசலில் நுழையுங்கள். தெற்கு வாசலில் நிற்கும் நீண்ட வரிசை இங்கே இருக்காது, கிராமம் வரை 25 மைல் காட்சிமுனைகளும் வழியிலேயே வந்துவிடும்.

சவுத் கைபாப் பாதையின் தொடக்கத்துக்குச் சொந்தக் கார் எந்த மாதத்திலும் போகாது. இலவசப் பேருந்து. ஹெர்மிட் சாலையும் மார்ச் முதல் நவம்பர் வரை அப்படித்தான். சவுத் கைபாபில் ஊ-ஆ பாயின்ட் போய்வர 1.8 மைல், சீடர் ரிட்ஜ் போய்வர 3 மைல். முதல்முறை வருபவர்களுக்கு சீடர் ரிட்ஜ் போதும். பாதையில் தண்ணீர் கிடையாது.

மலை ஏறும்போது களைத்தால் திரும்பி இறங்கிவிடலாம். இங்கே தலைகீழ்: இறங்கும்போது தெம்பாக இருக்கும், ஏற்றம் கடைசியில் வரும், அதற்குள் வெயிலும் ஏறியிருக்கும். இறங்க ஒரு மணி நேரம் ஆனால் ஏற இரண்டு மணி நேரம் வைத்துக்கொள்ளுங்கள். கோடையில் பத்து மணி முதல் நான்கு மணி வரை விளிம்புக்குக் கீழே இருக்காதீர்கள். அடியிலுள்ள கொலராடோ ஆறு வரை இறங்கி அதே நாளில் ஏறும் யோசனையை விட்டுவிடுங்கள். மீட்புக் குழு தூக்கி வருபவர்களில் இளைஞர்களும் உண்டு.

12. செலவும் திரும்புதலும்

இரண்டு பேருக்கு, விமானம் நீங்கலாக, சீசனில் தோராயமாக: ஆறு இரவு விடுதி 900 முதல் 1,800 டாலர். கார் 400 முதல் 700, காப்பீடு தனி. பெட்ரோல் கேலன் 4 டாலர் என்றால் 160. பாஸ் 80 அல்லது 250. ஆன்டலோப் 150 முதல் 250. நேரோஸ் உபகரணம், மான்யுமென்ட் வேலி, பார்க்கிங், குலுக்கல் எல்லாம் சேர்த்து 100, ஜீப் டூர் தனி. சாப்பாடு உங்கள் கையில். விடுதி விலைக்கு மேலே வரி வரும். லாஸ் வேகாஸில் ஒரு இரவு தங்கினால் அறை வாடகைக்கு மேல் ரிசார்ட் கட்டணமும் பார்க்கிங் கட்டணமும் போடுவார்கள், முன்பதிவுப் பக்கத்தின் அடியில் தேடிப் பாருங்கள்.

ஏழாம் நாள் வில்லியம்ஸ், கிங்மன் வழியாக வருவீர்கள். கிங்மனில் நிரப்பினால் வேகாஸ் வரை போதும், ஆனால் டேங்க் முழுதாகத் திருப்பிக் கொடுக்க வேண்டிய ஒப்பந்தம் என்றால் விமான நிலையத்துக்கு ஐந்தாறு மைல் முன்பே ஒருமுறை நிரப்பிவிட்டு ரசீதை வையுங்கள். நிலையத்தை ஒட்டிய பம்புகள் விலை கூடுதல். காரைத் திருப்பிக் கொடுத்ததும் மீட்டரையும் பெட்ரோல் முள்ளையும் படம் எடுத்து, முடிவு ரசீதை மின்னஞ்சலில் வாங்காமல் அங்கிருந்து நகராதீர்கள். முடக்கி வைத்த முன்வைப்பு கார்டுக்குத் திரும்ப ஒரு வாரத்துக்கு மேலும் ஆகலாம், அதுவரை அந்தக் கணக்கை மூடாதீர்கள்.